இறம்பொடை ஏற்றத்தில் தண்ணி கொதிக்குது: தெர்மோஸ்டட்டைக் கழட்டி வீசலாமா?

கம்பளை லொறி

சின்ன டீசல் லொறி, டர்போ இல்ல. ரேடியேட்டரும் எஞ்சினும் சேர்த்து 8 லீற்றர் தண்ணி பிடிக்கும். கம்பளையில சீமெந்தோ உரமோ ஒன்றரை டொன் ஏத்திக்கிட்டு நுவரெலியாவுக்குப் போற வண்டி.

புசல்லாவை வரைக்கும் மீட்டர் முள்ளு நடுவுல நிக்குது. இறம்பொடை தாண்டி வளைவு தொடங்கினதும் கொஞ்சங் கொஞ்சமா ஏறி, லபுக்கலைக்கு முன்னாடி சிவப்புக்குக் கிட்ட வந்துடுது. ஓரமா நிப்பாட்டி எஞ்சினை ஓஃப் பண்ணினா அந்த நிமிஷமே ரிசர்வ் போத்தல் குமுறி வெளிய ஊத்துது. காலையில பார்த்தா போத்தல் நிறைய தண்ணி இருக்கு, ரேடியேட்டர்ல குறைஞ்சிருக்கு, மேல் ஹோஸ் சப்பையா ஒட்டிப் போயிருக்கு. ஊத்துறது பீலித் தண்ணிதான், கூலன்ட் இல்ல.

கராஜ்ல தெர்மோஸ்டட்டை (எஞ்சின் சூடானதும் ரேடியேட்டருக்குத் தண்ணியைத் திறந்துவிடுற வால்வு) கழட்டி வீசச் சொல்றாங்க. இன்னொருத்தர் 0.9 ரேடியேட்டர் மூடியை எடுத்துட்டு 1.1 மூடி போடச் சொல்றார். எது சரி? கூலன்ட் ஊத்தினா மலைக்கு ஏதும் பிரயோசனம் இருக்கா, இல்ல அது குளிர் நாட்டுச் சாமானா?

இன்னொன்னு. ஹட்டன் பக்கமா கினிகத்தேனை இறக்கத்துல வரும்போது பிரேக் பெடல் பஞ்சு மாதிரி அமுங்குது, கொஞ்ச நேரம் நிப்பாட்டி வச்சா சரியாகிடுது. அதுவும் சூட்டுப் பிரச்சினைதானா?

ஸ்பேனர் 14

ஒட்டிப்போன ஹோஸ், நிறைஞ்ச போத்தல், குறைஞ்ச ரேடியேட்டர். மூணையும் சேர்த்துப் பார்த்தா முதல் சந்தேகம் மூடி மேலதான். தெர்மோஸ்டட் பக்கம் போக முந்தி அதைப் பாருங்க.

ரேடியேட்டர் மூடிக்குள்ள ரெண்டு வால்வு இருக்கு. பெரிய ஸ்பிரிங் பிடிக்கிறது அழுத்த வால்வு. உள்ள அழுத்தம் மூடியில அடிச்சிருக்கிற அளவைத் தாண்டினாத்தான் அது திறந்து தண்ணியைப் போத்தலுக்கு விடணும். அதுக்கு நடுவுல சின்னக் காசு அளவுல இருக்கிறது வெற்றிட வால்வு. எஞ்சின் ஆறி தண்ணி சுருங்கும்போது அது திறந்து, போத்தல்ல போனதைத் திரும்ப உறிஞ்சி எடுக்கணும். உங்க வண்டியில நடு வால்வு துருவுல ஒட்டியிருக்கணும். தண்ணி திரும்பி வர வழியில்லாம, உள்ள உண்டாகிற வெற்றிடம் ஹோஸைச் சப்ப வைக்குது. ராத்திரி திரும்பாத தண்ணியோட இடத்துல அடுத்த ஏற்றத்துக்குக் காத்துதான் இருக்கும்.

பெரிய ஸ்பிரிங்கும் தளர்ந்திருக்கலாம். அது ஏன் மலையில மட்டும் பிடிபடுதுன்னா, கொதிநிலை இறங்குறதாலதான். கடல் மட்டத்துல 100 பாகையில கொதிக்கிற தண்ணி, 1868 மீற்றர்ல இருக்கிற நுவரெலியாவில கிட்டத்தட்ட 94 பாகையில கொதிக்கும். அங்க காற்றழுத்தம் 81 கிலோபாஸ்கல் அளவுதான், கொழும்புல 101. மூடியில 0.9 பார் இல்லாட்டி 88 கிலோபாஸ்கல்னு இருக்கும், ரெண்டும் கிட்டத்தட்ட ஒன்னுதான். அது வெளி அழுத்தத்துக்கு மேல எவ்வளவு தாங்கும்னு சொல்ற கணக்கு. அப்போ நல்ல மூடியோட வெறும் தண்ணி கொழும்புல 118 பாகை வரைக்கும் கொதிக்காம நிக்கும், நுவரெலியாவில 115 வரைக்கும். 3 பாகைதான் வித்தியாசம், பயப்பட ஒன்னுமில்ல. மூடி அழுத்தத்தைப் பிடிக்கலைன்னா 115 இல்ல, 94. தெர்மோஸ்டட் முழுசாத் திறக்கிற சூடே 95க்குக் கிட்ட. அதாவது எஞ்சின் ஒழுங்கா வேலை செய்யிற சூட்டுலயே தண்ணி கொதிக்கத் தொடங்கிடும்.

கராஜ்ல கைப்பம்பு போட்டு மூடியைச் சோதிக்கலாம், அஞ்சு நிமிஷ வேலை. 0.9ன்னு போட்டது அதுக்குக் கிட்டவாவது பிடிக்கணும். அதே சமயம் நடு வால்வை நகத்தால மெதுவா இழுத்து விட்டா டக்குன்னு பழைய இடத்துல உக்காரணும். புது மூடி வாங்கும்போது வாயோட ஆழத்தையும் ஒப்பிடுங்க. பார்க்க ஒரே மாதிரி இருக்கும், ஆனா கழுத்து ஆழம் ரெண்டு மூணு அளவுல வருது. குட்டையான மூடி ஆழமான கழுத்துல இறுகும், ஆனா அடி ரப்பர் சீட்டைத் தொடாது.

தலவாக்கலை டீசல்

தெர்மோஸ்டட்டைக் கழட்டாதீங்க. இந்த ஆலோசனை மலைநாட்டுல பாதி கராஜ்ல கிடைக்கும், அதுக்காகச் சரியாகிடாது.

பல எஞ்சின்ல தெர்மோஸ்டட்டுக்கு அடியில ரெண்டாவது தட்டு ஒன்னு உண்டு. தெர்மோஸ்டட் திறக்கும்போது அந்தத் தட்டு போய் பைபாஸ் வழியை அடைக்கும். கழட்டிட்டா பைபாஸ் எப்பவும் திறந்தே கிடக்கும். தண்ணியில ஒரு பங்கு ரேடியேட்டர் பக்கமே போகாம எஞ்சினுக்குள்ளேயே சுத்தும். பாரம் இல்லாம சமதரையில ஓடும்போது எஞ்சின் குளிர்ந்து போய் டீசல் கூடக் குடிக்கும், ஏற்றத்துல சூடு முன்னை விடக் கூடும். பைபாஸ் தட்டு இல்லாத எஞ்சின்னா சூடு கூடாது, ஆனா காலைக் குளிர்ல ஒழுங்கா சூடாகவே மாட்டாது. ஒயிலில் ஈரம் சேரும், சிலிண்டர் தேயும்.

தெர்மோஸ்டட் சந்தேகம்னா சோதிச்சுப் பாருங்க. பழைய சட்டியில தண்ணி வச்சு, கம்பியில தொங்கவிட்டு, அடியைத் தொடாம, பக்கத்துல தெர்மோமீட்டரையும் தொங்கவிட்டுச் சூடாக்கணும். 82ன்னு அடிச்சிருந்தா 80க்கும் 84க்கும் இடையில வாய் திறக்கத் தொடங்கணும், 95ல 8 மில்லிமீற்றர் அளவு திறந்திருக்கணும். ஆறும்போது திரும்ப முழுசா மூடணும்.

இங்கதான் நம்ம ஊர்ல ஒரு சிக்கல். நுவரெலியாவில அடுப்புல வச்ச தண்ணி 94ஐத் தாண்டாது. 95ல முழுசாத் திறக்கவேண்டியதை 94 பாகைத் தண்ணியில போட்டுட்டு ‘கொதிக்குது, ஆனா அரைகுறையாத்தான் திறக்குது’ன்னு நல்ல சாமானைக் குப்பையில போடுறாங்க. 88 பாகை தெர்மோஸ்டட்டுன்னா இன்னும் மோசம், கொதிக்கிற சட்டியில கொஞ்சந்தான் திறந்த மாதிரித் தெரியும். கூலன்டும் தண்ணியும் பாதிக்குப் பாதி கலந்து அந்தச் சட்டியில வச்சா 100ஐத் தாண்டும், அப்போ சரியாப் பார்க்கலாம். அந்தச் சட்டியை அதுக்கப்புறம் சமையலுக்கு எடுக்கவே கூடாது, கூலன்ட் விஷம்.

திரும்பப் பூட்டும்போது ஓரத்துல ஆடுற சின்ன ஊசி மேல் பக்கமா வரணும். தேங்கின காத்து அது வழியாத்தான் வெளிய போகும்.

நானுஓயா

மூடி பழுதுங்கிறது சரியா இருக்கலாம். ஆனா மூடியை மாத்தி அழுத்தத்தை ஏத்த முந்தி ஹெட் கெஸ்கட்டை (சிலிண்டர் ஹெட்டுக்கும் பிளாக்குக்கும் நடுவுல கசியாம அடைக்கிற தகடு) பாருங்க, இல்லாட்டி புது மூடி பழைய பழுதை மறைச்சு வச்சிடும்.

எஞ்சின் முழுசா ஆறினதுக்கப்புறம் மூடியைத் திறந்து, ரேடியேட்டரை வாய் வரைக்கும் நிரப்பி ஸ்டார்ட் பண்ணுங்க. முதல் நிமிஷத்துலயே, தண்ணி இளஞ்சூடு கூட ஆக முந்தி, நிக்காம குமிழ் வந்தா சிலிண்டர் காத்து தண்ணிக்குள்ள போகுது. மூடியைப் போட்டு ஓட்டினா குளிர்லயே ஹோஸ் கல்லு மாதிரி இறுகும். நீலத் திரவம் போட்ட சோதனைக் குழாய் வச்சிருக்கிற கராஜ்னா அதை வாயில வச்சுப் பார்க்கச் சொல்லுங்க, புகை கலந்தா நீலம் பச்சையாவோ மஞ்சளாவோ மாறும்.

அடுத்தது ஃபேன். நடுவுல விஸ்கஸ் கிளட்ச் இருந்தா, முன்பக்கம் சுருள் தகடு ஒன்னு இருக்கும், உள்ள சிலிக்கன் ஒயில். ரேடியேட்டர்ல இருந்து வர்ற காத்து சூடானா சுருள் விரிஞ்சு உள் வால்வைத் திறக்கும், ஒயில் நிரம்பி ஃபேனை எஞ்சினோட சேர்த்துப் பிடிக்கும். சாதா ஒயில் சூட்டுல தண்ணியா இளகிடும். சிலிக்கன் ஒயில் அவ்வளவு இளகாது, அதனாலதான் அது. எஞ்சின் சூடா இருக்கும்போது ஓஃப் பண்ணிட்டு ஃபேனைக் கையால சுத்துங்க. கனமா எதிர்த்து உடனே நிக்கணும். தட்டினதும் ரெண்டு மூணு சுத்து சும்மா சுத்தினா கிளட்ச் முடிஞ்சுது. முன்பக்கம் ஒயில் கோடு கோடாத் தெரிஞ்சா சோதிக்கவே தேவையில்ல.

ஃபேன் பெல்ட் நடுவுல பெருவிரலால நல்லா அமுக்கினா 10 மில்லிமீற்றர் அளவு இறங்கலாம். ரேடியேட்டர் செட்டையில மானாப்புல் விதையும் சேறும் அடைஞ்சிருந்தா எஞ்சின் பக்கத்துல இருந்து முன்பக்கமா மெதுவான தண்ணியில கழுவுங்க. சேர்விஸ் ஸ்டேஷன் பிரஷர் கன்னைக் கிட்ட வச்சு அடிச்சா செட்டை மடிஞ்சு காத்துப் பாதை நிரந்தரமா அடைபடும்.

ஓட்டுற முறையும் இருக்கு. மூணாவது கியர்ல எஞ்சினைத் திணற விட்டு ஏறாதீங்க. ரெண்டாவதுல எஞ்சின் வேகமாச் சுத்தினா பம்பும் ஃபேனும் கூடச் சுத்தும். முள்ளு ஏறினா நிப்பாட்டி உடனே ஓஃப் பண்ணுறதும் கூடாது. பம்பு நின்னுடும், ஹெட்ல இருக்கிற சூடு அப்படியே தண்ணிக்கு இறங்கி அங்கேயே கொதிக்கும். நீங்க பார்த்த குமுறல் அதுதான். தண்ணி வெளிய போகாத வரைக்கும் ரெண்டு மூணு நிமிஷம் கொஞ்சம் கூட்டின ஐட்லிங்ல விட்டு, முள்ளு இறங்கினதும் ஓஃப் பண்ணுங்க. ஏற்கனவே கொதிச்சுத் தண்ணி போயிருந்தா மட்டும் உடனே ஓஃப். மேல் ஹோஸைக் கையால பிடிக்க முடியிற வரைக்கும் மூடியில கை வைக்கக் கூடாது, அரை மணித்தியாலத்துக்குக் குறையாது. ரோட்டோர ஊத்துத் தண்ணியை எடுத்துச் சூடான எஞ்சின்ல ஊத்துறதை அந்த ரோட்டுல தினமும் பார்க்கலாம். ஹெட் வெடிக்கிறது அப்படித்தான்.

கம்பளை லொறி

பார்த்துட்டேன். குளிர்ல குமிழ் இல்ல, ஹோஸும் இறுகல. மூடி 0.9தான், பம்பு போட்டதுக்கு 0.4லயே விட்டுடுச்சு, நடு வால்வு ஒட்டிப் போயிருக்கு. ஃபேன் நல்லா எதிர்க்குது. தெர்மோஸ்டட் 82, கூலன்ட் சட்டியில ஒழுங்காத் திறந்துச்சு. ஆனா கீழ் நட்டைக் கழட்டினா தண்ணி செம்மண் கலர்ல வருது, 6 லீற்றர்தான் வந்துச்சு. கூலன்ட் எவ்வளவு, எப்படி ஊத்தணும்? 1.1 மூடிக்கு யாரும் பதில் சொல்லல.

ஸ்பேனர் 14

1.1 வேண்டாம். வண்டிக்கு 0.9 குறிச்சிருந்தா 0.9தான். இன்னும் 0.2 கூட்டினா கிடைக்கிறது மூணு பாகை அளவுதான். அதுக்கு விலை பழைய ஹோஸ், பிளாஸ்டிக் தொட்டி, வோட்டர் பம்ப் சீல். பலவீனமான இடம் எதுவோ அது முதல்ல போகும். மூடி அழுத்தத்தைப் பிடிக்காம ஓடின வண்டியில புது மூடி போட்டதும் ஹோஸ் கிளிப்ல கசிவு தெரியலாம். புது மூடி பழுதுன்னு நினைச்சுடாதீங்க, கிளிப்பை இறுக்குங்க.

பெட்டரித் தண்ணி

கூலன்ட் குளிர் நாட்டுச் சாமான் இல்ல. நுவரெலியாவில ஜனவரியில புல்லு மேல உறைபனி விழுந்தாலும் எஞ்சின் தண்ணி உறையிற அளவுக்குப் போகாது, அந்தக் குணம் நமக்கு வேண்டாம்தான். வேண்டியது மத்த ரெண்டும். எதிலீன் கிளைக்கோலும் தண்ணியும் பாதிக்குப் பாதி கலந்தா, அழுத்தமே இல்லாம கடல் மட்டத்துல 107 பாகை அளவுல கொதிக்கும். அதைவிட முக்கியம் அதுல இருக்கிற துருத்தடுப்பு மருந்து. உங்க செம்மண் கலர் மண் இல்ல, எஞ்சின் பிளாக்கோட இரும்பு. அந்தத் துருதான் மூடி வால்வை ஒட்ட வச்சதும்.

அதுக்காகத் தனிக் கூலன்டை ஊத்தாதீங்க. ‘கெட்டியா இருந்தா நல்லது’ன்னு சிலர் தண்ணியே கலக்காம ஊத்துவாங்க. கிளைக்கோல் தனியா 197 பாகை வரைக்கும் கொதிக்காது, உண்மைதான். ஆனா ஒரு கிலோ தண்ணி தூக்குற சூட்டுல அது தூக்குறது 60 வீதத்துக்கும் குறைவு. கொதிக்காம நிக்கும், சூட்டை ரேடியேட்டருக்குக் கொண்டு போகாது, எஞ்சின் வெந்துடும். மலைக்கு 40 முதல் 50 வீதம் போதும். மூணுல ஒரு பங்குக்குக் கீழ போனா துருத்தடுப்பு நிக்காது.

முதல்ல கழுவணும். எஞ்சின் பிளாக் பக்கவாட்டுல இன்னொரு நட்டு இருக்கும், அதையும் கழட்டினாத்தான் மிச்ச 2 லீற்றர்ல பெரும்பகுதி வரும். துருவுல இறுகி அசையலைன்னா உடைக்காதீங்க, விடுங்க. நல்ல தண்ணி ஊத்தி, தெர்மோஸ்டட் திறக்கிற வரைக்கும் ஓட்டி, ஆற வச்சு, வெளிய விடுங்க. தெளிவா வர்ற வரைக்கும் இதையே செய்யணும். கோஸ்டிக் சோடா போட்டுக் கழுவச் சொல்றவங்க உண்டு. அலுமினியம் ஹெட்டும் அலுமினியம் ரேடியேட்டரும் அதுல கரைஞ்சு போகும்.

இப்போ அளவு. பிளாக் நட்டு வராட்டி உள்ள 2 லீற்றர் தண்ணி கிடக்குது. கடையில பாதிக்குப் பாதி கலந்து விக்கிற ரெடி கூலன்டை 6 லீற்றர் ஊத்தினா, அதுல கூலன்ட் 3 லீற்றர்தான். மொத்தம் 8ல 3, அதாவது 37 வீதம் சொச்சம். அதனால கலக்காத கூலன்ட் 4 லீற்றர் வாங்கி அதை முதல்ல ஊத்திட்டு, மிச்சத்தை பெட்டரித் தண்ணியால நிரப்புங்க. அப்போ சரியா 50. பெட்டரித் தண்ணின்னா காய்ச்சி வடிச்ச தண்ணி. பெட்டரி அசிட் வேற, கடையில பார்த்து வாங்குங்க. கொதிக்க வச்சு ஆறின தண்ணியில உப்பு அப்படியே இருக்கும், அது இதுக்கு ஆகாது. அவசரத்துக்கு மழைத் தண்ணி பீலித் தண்ணியை விட மேல்.

ஊத்தும்போது வண்டியை ஏற்றத்துல மூக்கு மேல பார்க்க நிப்பாட்டி, சில்லுக்குக் கட்டை வச்சிடுங்க. ரேடியேட்டர் வாய் உயரமா வந்தா காத்து தானா ஏறி வெளிய வரும். அதுக்கு நம்ம ஊர்ல இடத்துக்குப் பஞ்சமில்ல. மெதுவா ஊத்தி, மூடியில்லாம ஐட்லிங்ல விட்டு, மேல் ஹோஸை அமுக்கி அமுக்கி விடுங்க. மட்டம் திடீர்னு இறங்கி ஹோஸ் சூடானா தெர்மோஸ்டட் திறந்துடுச்சு. நிரப்பி உடனே மூடுங்க. மறுநாள் குளிர்ல இன்னொரு தடவை மட்டம் பாருங்க.

கலரை நம்பாதீங்க. பச்சை, சிவப்பு, நீலம் எல்லாம் கம்பெனி போடுற சாயம். போத்தல்ல எழுதியிருக்கிற வகையைப் பாருங்க, ரெண்டு வகையைக் கலந்தா துருத்தடுப்பு கெட்டுப் போகும், சிலது கூழாகும். பழைய சிலிக்கேட் வகைக்கு 2 வருஷம், ஓகானிக் அசிட் வகைக்கு 5 வருஷம்னு பொதுவாச் சொல்லுவாங்க. வாங்கினது வெறும் சாயத் தண்ணியான்னு பார்க்க, தண்ணியில பாதிக்குப் பாதி கலந்து கொஞ்சத்தை மூடின பிளாஸ்டிக் போத்தல்ல ஊத்தி ஒரு ராத்திரி வீட்டு டீப் ஃப்ரீசர்ல வைங்க. அந்த மைனஸ் 18 பாகைக் குளிர்ல உண்மையான கலவை உறையாது. கட்டியானா காசைத் திருப்பிக் கேளுங்க. போத்தல்ல ‘விஷம்’னு எழுதி வைங்க, இனிப்பா இருக்கிறதால பிள்ளைகளும் நாயும் குடிச்சிடும். பழசைக் கானுக்குள்ள ஊத்தாதீங்க, அது நேரா ஓடைக்குத்தான் போகும்.

தலவாக்கலை டீசல்

பிரேக் கேள்விக்கு: ஆமா, அதுவும் கொதிக்கிறதுதான், ஆனா பிரேக் ஒயில்.

பிரேக் ஒயில் காத்துல இருக்கிற ஈரத்தை உறிஞ்சும், ரப்பர் ஹோஸ் வழியாவும் உறிஞ்சும். டின்ல டொட் 3, டொட் 4னு ஒயில் வகை எழுதியிருக்கும். டொட் 3 புதுசா இருக்கும்போது 205 பாகை வரைக்கும் கொதிக்கக் கூடாதுங்கிறது தரம். 3.7 வீதம் தண்ணி சேர்ந்துட்டா அது 140க்கு இறங்கிடும். டொட் 4க்கு 230, ஈரம் சேர்ந்தா 155. பாரத்தோட நீளமான இறக்கத்துல பிரேக்கை மிதிச்சுக்கிட்டே வந்தா அந்தச் சூடு ஒயிலுக்கு வரும். ஒயில் கொதிச்சு ஆவிக் குமிழ் வந்தா பெடல் அமுங்கும், ஏன்னா ஆவி நசுங்கும், ஒயில் நசுங்காது. ஆறினா குமிழ் திரும்ப ஒயிலாகும், பெடல் நல்லா இருக்கும். சரியாகிடுச்சுன்னு நினைக்க வைக்கிறதுதான் இதுல ஆபத்து.

பெடல் கெட்டியா இருந்தும் வண்டி நிக்கலைன்னா அது லைனர் சூடாகிப் பிடி விடுறது. உங்களுக்கு அது இல்ல.

ஒயில் முழுசையும் டொட் 4க்கு மாத்துங்க. டொட் 3 போட்ட வண்டிக்கு அது ஒத்துப் போகும். டொட் 5 சிலிக்கன், அதைத் தொடாதீங்க. எஞ்சின் ஒயிலோ ஹைட்ரோலிக் ஒயிலோ ஒரு துளி போனாலும் சீல் ஊதிடும். மாஸ்டர் சிலிண்டருக்குத் தூரமான சில்லுல தொடங்கி, கிட்ட உள்ளதுல முடிச்சு, தெளிந்த ஒயில் வர்ற வரைக்கும் எடுக்கணும். அந்த நேரம் மேல் டாங்கி காலியாகிடாம ஊத்திக்கிட்டே இருக்கணும், இல்லாட்டி காத்துப் போய் முதல்ல இருந்து செய்யணும். 2 வருஷத்துக்கு ஒருக்கா இது கட்டாயம். உடைச்சு வச்ச பழைய டின்னைச் சேர்க்காதீங்க, மூடி வச்சாலும் மலை ஈரம் அதுக்குள்ள போயிடும். மாத்தின பிறகும் பெடல் அமுங்கினா ஹோஸ் வீங்குதா, மாஸ்டர் சிலிண்டர் சீல் விடுதான்னு பார்க்கணும்.

இறக்கத்துல ஏறின கியர்லயே இறங்குங்க. டீசல் மிச்சம்னு நியூட்ரல் போட்டு, சிலர் எஞ்சினையே ஓஃப் பண்ணி இறங்குறாங்க. எஞ்சின் நின்னா வெற்றிடப் பம்பும் நிக்கும், மிதிக்குப் பலம் கூட்டுற பூஸ்டர்ல ரெண்டு மூணு மிதிக்குத்தான் மிச்சம் இருக்கும். பூஸ்டர் வேலை செய்யிறதே வெளிக் காத்தழுத்தத்துல, அது மேல ஏற ஏறக் குறையும். அதனால உச்சியில பெடலுக்கு முதல்லயே கொஞ்சம் கூட பலம் வேணும்.

பிரேக் ஒயில் மாத்துற வரைக்கும் அந்த இறக்கத்துல பாரம் ஏத்தாதீங்க.

கம்பளை லொறி

சரிண்ணே. முன் சில்லு ஹோஸ் ரெண்டும் வெடிச்சிருக்கு, அதையும் சேர்த்தே மாத்துறேன். பிளாக் நட்டு அசையல, 4 லீற்றர் கணக்குலயே ஊத்துறேன்.